எடித்துக்குக் காய்ச்சல்

1911 செப்டம்பர் 17, ஞாயிறு. ஓல்டாம் நகரம், இங்கிலாந்து

கோயமுத்தூரிலிருந்து கப்பலேறிச் சீமைக்கு வந்த முதல் இயந்திர ஆலோசகன் நான்தான். எனக்கு முன்னால் எவனாவது வந்திருந்தால் அவன் டைரி எழுதாமல் போனது அவன் பிழை. நான் மூன்றாம் வகுப்பு வரை படித்தவன். நான்காம் வகுப்பில் எனக்குச் சொல்லித்தர வாத்தியாரிடம் சரக்குத் தீர்ந்துவிட்டபடியால் நானே பெரிய மனது பண்ணி நின்றுகொண்டேன்.

எங்கள் முதலாளி கொண்டப்ப நாயுடு ஊரில் நூல் ஆலை கட்டப்போகிறார். அதற்கு நீராவி இஞ்சின் வாங்க வந்திருக்கிறார். என்னை அழைத்து வந்தது ஆலோசனைக்கு. எங்கள் ஆலோசனை பெரும்பாலும் சாப்பாட்டு வேளையில் நடக்கும். இன்றைக்குக் கூட, "நாச்சிமுத்து, ரசத்துல புளி தூக்கலா இருக்குதப்பா" என்றார். குறைத்துவிடலாம் என்று யோசனை சொன்னேன். உடனே ஒப்புக்கொண்டார். என் வார்த்தைக்கு அவரிடம் அவ்வளவு மதிப்பு.

ஜன்னலைத் திறந்தால் புகைபோக்கிகள். மழை நாளில் முளைத்த காளான் மாதிரி, ஆனால் ஒவ்வொன்றும் நம் பேரூர்க் கோபுரத்தைப் போல மூன்று மடங்கு. நூறு வரை எண்ணினேன். ஆயிரம் என்று எழுதினால்தான் பக்கத்துக்கு அழகாக இருக்கும். ஆயிரம்.

தங்கியிருப்பது மிசஸ் கிளெக் என்னும் கைம்பெண்ணின் வீட்டில். காலையில் மிளகாய் தாளித்தேன். அந்த அம்மாள் தெருவுக்கு ஓடிப்போய் நின்று தும்மினாள். பக்கத்து வீட்டாரும் வந்து சேர்ந்து தும்மினார்கள். இந்த ஊரில் ஒரு மனிதனுக்கு இத்தனை பேர் கூடி வரவேற்புக் கொடுப்பது அபூர்வம் என்று கேள்வி.

செப்டம்பர் 19

விடிவதற்குள் ஒருத்தன் நீளமான மூங்கிலோடு தெருவில் வந்து மாடி ஜன்னலைத் தட்டுகிறான். திருடன் என்று நினைத்துச் செம்புத் தண்ணீரை அவன் தலையில் கொட்டினேன். ஆலைக்காரர்களை எழுப்புவதே அவன் உத்தியோகமாம். அவன் நனைந்து நின்று சொன்ன ஆங்கிலம் எனக்கு முழுக்க விளங்கவில்லை. பாராட்டாகத்தான் இருக்கும்.

அவன் போனதும் தெரு முழுக்க மரக்கட்டைச் செருப்புச் சத்தம். ஆணும் பெண்ணும் ஆலைக்கு நடக்கிறார்கள். கல் பாவிய தெருவில் ஒரே நேரத்தில் ஆயிரம் ஆட்டுக்கல் உருளுகிற மாதிரி. நான் ஜன்னலில் நின்று எல்லோருக்கும் கை காட்டினேன். ஒரு பெண்பிள்ளை திருப்பிக் கை காட்டினாள்.

செப்டம்பர் 21

இன்று இஞ்சின் வீட்டைப் பார்வையிட்டேன்.

என் அக்கா மகன் அர்த்தநாரி இரண்டு வருஷமாக இங்கே இஞ்சின் செய்யும் கம்பெனியில் தொழில் பழகுகிறான். சட்டையெல்லாம் எண்ணெய். பேச்சில் மட்டும் எண்ணெய் கிடையாது, அப்பன் வழி. இப்போது இந்த ஊரில் புதிதாகக் கட்டிய ஆலை ஒன்றில் அவர்கள் இஞ்சின் பூட்டிக்கொண்டிருக்கிறார்கள். அதே அச்சில் இன்னொன்றுதான் எங்கள் முதலாளி வாங்கப்போவது.

அந்த வீட்டுக்குள் நுழைந்ததும் கோயிலுக்குள் வந்த மாதிரி செருப்பைக் கழற்றிவிட்டேன். தரையெல்லாம் பூப்போட்ட கல். ஆள் உயர ஜன்னல்கள். நடுவே ஒரு சக்கரம், நம் ஊர்த் தேர்ச் சக்கரத்தை அதன் காதில் தோடாக மாட்டலாம். அதன் விளிம்பில் வரிவரியாகப் பள்ளம், பள்ளத்தில் கயிறு, கயிறு போய் ஐந்து மாடியிலும் நூல் நூற்கும் கதிர்களைச் சுழற்றுமாம். சக்கரத்துக்கு இரண்டு பக்கமும் இரண்டு இஞ்சின். அவற்றுக்குப் பெயர் உண்டு! பித்தளைத் தகட்டில் வெட்டி வைத்திருக்கிறார்கள். இடது பக்கம் எடித், வலது பக்கம் மாட். ஆலைப் பங்குதாரர்களின் வீட்டுப் பெண்கள் பெயர். திறப்பு நாளன்று எடித் என்னும் அம்மாளே வந்து இஞ்சின் மேல் ஒயின் பாட்டிலை உடைத்துப் பெயர் சூட்டுவாளாம். நாம் தேங்காய் உடைக்கிறோம். ஆக, அறிவுள்ளவர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள்.

"மாமா, எதையுந் தொடாதீங்கோ" என்றான் அர்த்தநாரி.

"நான் எங்கடா தொட்டேன்? பாத்துட்டுத்தான இருக்கறேன்."

"உங்க கண்ணு பாக்கறதுக்கு முன்னால கையி பாத்துருதுங்க."

அங்கே தலைமை மேஸ்திரி ஆஷ்வர்த் துரை. மீசை மட்டும் தனியாக ஒரு வீசை எடை இருக்கும். அவர் முதலாளியிடம் சொன்னதை அர்த்தநாரி தமிழில் சொன்னான். அவன் மொழிபெயர்ப்பில் மரியாதை குறைவு, நான் சேர்த்து எழுதுகிறேன். எடித் பக்கத்துப் பெரிய பேரிங்கு, அதாவது சுற்றுகிற தண்டைத் தாங்கும் மூட்டு, முழுக்க உங்கள் பையன் பொறுப்பு. அது சரியாக ஓடினால் திறப்பு நாளில் ஊர் பார்க்க நீராவி வால்வைத் திறப்பவனும் அவனே. இதுவரை வெளிநாட்டுப் பையன் எவன் கைக்கும் அந்த வால்வு போனதில்லை.

திரும்பும் வழியில் முதலாளி சொன்னார்: "கேட்டுக்க நாச்சிமுத்து. பையன் வால்வத் தெறந்தான்னா நம்ம இஞ்சினுக்கு அவனே எஞ்சினீயரு. கம்பெனிக்காரங்களும் ஒத்துக்குவாங்க. இல்லீன்னா அவங்க ஒரு தொரையத்தான் அனுப்புவாங்க. இவன் அவருக்குப் பின்னால எண்ணெய்க் கேன் தூக்க வேண்டியதுதான்."

"என் மருமகனுக்கா முதலாளி? கண்ண மூடிட்டுத் தெறப்பான்."

"கண்ணத் தெறந்துட்டே தெறக்கச் சொல்லு" என்றார்.

செப்டம்பர் 26

மத்தியானச் சாப்பாட்டைத் தூக்குப் பாத்திரத்தில் நானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன். மேற்பார்வையும் ஆயிற்று. ஜோ என்று இஞ்சின் பூட்டும் ஒரு பிட்டர், செம்பட்டை முடிக்காரன், அர்த்தநாரிக்குக் கூட்டாளி. அவனுக்கு எலுமிச்சைச் சாதம் கொடுத்தேன். சாப்பிட்டுவிட்டு எங்கள் வீட்டில் பெண் இருக்கிறதா என்று கேட்டான். மஞ்சள் சோறு கண்டதும் கல்யாணம் என்று நினைத்துவிட்டான் போல.

செப்டம்பர் 30, சனி

ஆயுத பூஜை. இங்கே பஞ்சாங்கம் கிடையாது. அமாவாசையிலிருந்து விரல் விட்டு எண்ணினேன், நாளை ஞாயிறு என்று வந்தது. ஞாயிறன்று இஞ்சின் வீட்டைப் பூட்டிவிடுவார்கள். சரஸ்வதி ஒரு நாள் முன்னே பின்னே பார்க்கமாட்டாள்.

காலைச் சாப்பாட்டு மணி அடித்ததும் எல்லோரும் பாய்லர் பக்கம் போய்விட்டார்கள், அங்கேதான் கதகதப்பு. நான் ஒருத்தன்தான் உள்ளே. அக்கா கப்பலேறும்போது மடித்துக் கொடுத்த குங்குமம் இடுப்பிலேயே இருந்தது. இந்த ஊர்க் காற்றில் பறக்காமல் இருக்கத் தேங்காயெண்ணெய் விட்டுக் குழைத்தேன். ஸ்பானர், சுத்தியல், அரம், ஒன்று விடவில்லை. எல்லாவற்றுக்கும் பொட்டு.

மேஜை மேல் எடித்தின் பேரிங்கைக் கழற்றி மல்லாக்க வைத்திருந்தார்கள். பிளந்த கொப்பரை மாதிரி இரண்டு மூடி, உள்ளே வெள்ளி போலப் பளபளப்பு. பெற்ற தாய் கையேந்தி நிற்கிற மாதிரி தோன்றியது. என் மருமகன் வாழ்க்கையே அதில்தானே இருக்கிறது! மற்றதற்கெல்லாம் ஒரு பொட்டு, அதற்கு மட்டும் கட்டைவிரலால் அழுத்தி நிறைய வைத்தேன். கண்ணை மூடிக் கும்பிட்டுவிட்டு, யாரும் வருவதற்குள் வந்துவிட்டேன். பூஜையை விளம்பரப்படுத்தக் கூடாது.

மத்தியானம் சோறு கொண்டுபோனபோது ஜோ அந்த மூடியை மடியில் போட்டுச் சுரண்டிக்கொண்டே விசில் அடித்துக்கொண்டிருந்தான். சனிக்கிழமை அரை நாள்தான் வேலை. மூடிப் பூட்டி, முடுக்கி, கோட்டை மாட்டிக்கொண்டு ஓடினார்கள். அர்த்தநாரி இன்று முழுக்கப் பாய்லர் குழாயில் இருந்தான். என் பூஜையின் வேகத்தில் வேலை எப்படி ஓடுகிறது பாருங்கள்!

அக்டோபர் 3

மழை. மிசஸ் கிளெக்குக்கு ரசம் பிடித்துவிட்டது. சளிக்கு நல்லது என்று தெருவுக்கே சொல்லியிருக்கிறாள். இன்று வாசலில் ஏழெட்டுப் பேர் கிண்ணத்தோடு. என்னை 'டாக்டர்' என்கிறார்கள். மறுக்கவில்லை.

அக்டோபர் 5, வியாழன்

வெள்ளோட்டம்.

வால்வைத் திறந்ததும் அந்தப் பெரிய சக்கரம் மெதுவாகப் புரண்டது. மாட் பூனை மாதிரி நடந்தாள். எடித்தும் கொஞ்ச நேரம் நடந்தாள். பிறகு ஒரு நாற்றம், எண்ணெய்ச் சட்டியை அடுப்பில் மறந்த நாற்றம். எனக்கு அது உடனே தெரிந்துவிட்டது, தொழில் அப்படி. பேரிங்கிலிருந்து நீலப் புகை. ஆஷ்வர்த் கத்தினார், ஜோ வால்வை மூடினான், நாலு பேர் ரப்பர்க் குழாயைக் கொண்டுவந்து தண்ணீர் அடித்தார்கள். ஆவி எழும்பி ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியவில்லை.

"என்னாச்சுடா மாப்ளே?"

"எடித்துக்குக் காய்ச்சலுங்க மாமா" என்றான். சிரித்துக்கொண்டுதான் சொன்னான். ஆனால் உதட்டில் ரத்தம் இல்லை.

அக்டோபர் 6

பேரிங்கைக் கழற்றிவிட்டார்கள். உள்பக்கத்து வெள்ளை உலோகம் உருகி ஓடியிருக்கிறது. புதிதாக ஊற்றி, மறுபடி சுரண்டிப் பொருத்த வேண்டும். ஆஷ்வர்த் மீசை துடிக்க நின்றார். வால்வை இனி ஜோ திறப்பான் என்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார்.

சோறு கொண்டுபோனபோது அர்த்தநாரி மூலையில் உட்கார்ந்து ஸ்பானர்களை ஒவ்வொன்றாகப் பஞ்சுக் கழிவால் தேய்த்துக்கொண்டிருந்தான். என் பொட்டெல்லாம் போய்விட்டது. ஆஷ்வர்த் அந்தப் பக்கம் வந்தபோது பஞ்சைச் சட்டைப்பைக்குள் திணித்துக்கொண்டான். சின்ன வயதிலிருந்தே சுத்தக்காரன்.

சாயங்காலம் முதலாளி சாப்பிட உட்கார்ந்ததும் அவனிடம் கேட்டார். நான் அடுப்படியில் தோசை வார்த்துக்கொண்டிருந்தேன்.

"எப்படியப்பா ஆச்சு?"

"தண்டு மேல செவப்பு மை தடவி, பேரிங்குக்குள்ள வெச்சுச் சுத்துவோமுங்க. பேரிங்குல எங்க செவப்பு ஒட்டுதோ அங்க மேடுன்னு அர்த்தம். அத மட்டுஞ் சொரண்டோணும். மேடில்லாத எடத்துல சொரண்டியாச்சுங்க. பள்ளமாயிருச்சு. மிச்ச எடத்துல பாரம் ஏறி, சூடாயிருச்சு."

"செவப்பு இருந்த எடத்துலதான் சொரண்டுனேன்னு அந்த ஜோ சொல்றானே? யாரு வெச்ச செவப்பு அது?"

செம்பைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு, "நாந்தானுங்க வெச்சேன். கணக்குத் தப்பிப்போச்சுங்க" என்றான்.

தோசைக் கரண்டி என் கையிலிருந்து விழுந்துவிட்டது. சீமைக் கரண்டி, பிடி வழவழப்பு.

அக்டோபர் 7

இன்று எழுத ஒன்றுமில்லை. கிண்ணத்தோடு வந்தவர்களைத் திருப்பி அனுப்பிவிட்டேன்.

அக்டோபர் 8, ஞாயிறு

இயந்திர சாஸ்திரம் பற்றி ஆஷ்வர்த் துரையுடன் கலந்து பேச வேண்டியிருந்தது. அவர் வீட்டை விசாரித்துக்கொண்டு போனேன். வழி சொன்ன ஆறு பேரில் நாலு பேர் என் நோயாளிகள்.

துரை பின்கட்டில் புறாக்களுக்குத் தீனி போட்டுக்கொண்டிருந்தார். நான் ஆங்கிலத்தில் ஒரு மணி நேரம் பிரசங்கம் செய்தேன். ஆரம்பம் இப்படி: "அர்த்தநாரி நோ. மீ. ரெட், மீ." அப்புறம் இடுப்பிலிருந்த பொட்டலத்தைப் பிரித்து, எண்ணெய் விட்டுக் குழைத்து, புறாத் தண்ணீர்ச் சட்டியின் உள்பக்கம் கட்டைவிரலால் அழுத்திக் காட்டினேன். எடித் என்று சட்டியைக் காட்டினேன். காட், காட் என்று மேலே காட்டினேன். என் நெற்றியிலும் வைத்துக் காட்டினேன். அவர் முகம் முதலில் வெள்ளையாக இருந்தது, பிறகு என் குங்குமத்தை விடச் சிவப்பாயிற்று. புறாக்கள் எல்லாம் கூரை மேல் ஏறிக்கொண்டன.

அவர் பின்கட்டில் சேறு அதிகம். என் வேட்டியில் இரண்டு முழங்காலிலும் ஒட்டிக்கொண்டது.

அவர் கையைப் பிடித்துத் தூக்கிவிட்டார். நான் நின்றிருந்தபோதுதான். பிறகு ஒரு தட்டில் ரொட்டி கொடுத்தார். விஞ்ஞானிகள் ஒருவரையொருவர் மதிக்கும் முறை அது.

மிசஸ் கிளெக் வேட்டியைத் துவைக்கும்போது சேற்றைப் பார்த்து ஏதோ கேட்டாள். மழை என்றேன். இன்று மழையே இல்லையாம்.

அக்டோபர் 9

அர்த்தநாரி இருட்டின பிறகு வந்தான். முகத்தில் கரி. ஆனால் கண் மட்டும் தீபாவளி.

"மாமா, வால்வு மறுபடி எனக்குத்தானுங்க. பேரிங்கு சரியா வந்தா."

"எனக்குத் தெரியும்டா. தொரைக்கு ஆள் எடை போடத் தெரியும்."

"நேத்து நீங்க வந்துபோட்டுப் போனீங்கன்னு தொரை சொன்னாருங்க."

"என்ன சொன்னாரு?"

அவன் என் முகத்தைப் பார்த்தான். "நீங்க நல்லா இங்கிலீஷ் பேசறீங்கன்னாருங்க" என்றான்.

அது உண்மைதான். ஆனால் ஒரு நிபந்தனை போட்டிருக்கிறார்: திறப்பு நாள் முடியும்வரை நான் இஞ்சின் வீட்டு வாசலைத் தாண்டக்கூடாது. என்னைப் போன்றவர்கள் உள்ளே இருந்தால் வேலைக்காரர்களின் கவனம் சிதறும் என்பது காரணமாக இருக்கலாம்.

அக்டோபர் 12

மூன்று நாளாகச் சோற்றை வாசற்கதவுக் கம்பிக்குள்ளே நீட்டுகிறேன். அர்த்தநாரியும் ஜோவும் மாறி மாறிச் சுரண்டுகிறார்கள். தடவுவது, சுற்றுவது, பார்ப்பது, சுரண்டுவது, மறுபடி தடவுவது. ஜோ இப்போது ஒவ்வொரு சிவப்பையும் முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் சுரண்டுகிறானாம். தேங்காயெண்ணெய் வாசம் வந்தால் நிறுத்திவிடுவானாம். அர்த்தநாரி சொல்லிச் சிரித்தான். எனக்குப் பெரிதாகச் சிரிப்பு வரவில்லை. கையைக் கம்பிக்குள் விட்டு அவன் தலையைக் கலைத்துவிட்டேன்.

அக்டோபர் 14, சனி

திறப்பு விழா! எழுதக் கை ஓடவில்லை, ஆனாலும் எழுதுகிறேன். முதலாளிக்கு இன்றைக்கு ரசம் கிடையாது, அவரே வேண்டாம் என்றுவிட்டார்.

ஆலை முற்றத்தில் ஊரே கூடிவிட்டது. புகைபோக்கித் தொப்பி போட்ட பங்குதாரர்கள், பித்தளை வாத்தியக்காரர்கள், மரச்செருப்புப் பெண்கள். எனக்குத் தனி மேடை. இஞ்சின் வீட்டுக்கு வெளியே, பெரிய ஜன்னலுக்கு நேராக, கவிழ்த்து வைத்த எண்ணெய்ப் பீப்பாய். என் நோயாளிகள் இரண்டு பக்கமும் பிடித்துக்கொண்டார்கள். மிசஸ் கிளெக் என் வேட்டி காற்றில் பறக்காமல் பார்த்துக்கொண்டாள்.

எடித் என்னும் அம்மாள் வந்தாள், இஞ்சினுக்குக் குறையாத அகலம். முதல் அடியில் பாட்டில் உடையவில்லை. இரண்டாவதிலும் இல்லை. தேங்காயாக இருந்தால் முதல் அடியே போதும் என்று ஜன்னல் வழியாகக் கத்தினேன். மூன்றாவதில் உடைந்து ஆஷ்வர்த் மீசையெல்லாம் ஒயின்.

பிறகு எல்லோரும் விலகி நின்றார்கள். அர்த்தநாரி வந்தான். வெள்ளைச் சட்டை, மேலே கழுத்துப்பட்டை. அக்கா பார்த்திருந்தால் ஆள் யாரென்று கேட்டிருப்பாள். வால்வுச் சக்கரத்தில் இரண்டு கையையும் வைத்தான். அவன் தோள் ஏறி இறங்குவது எனக்குத் தெரிந்தது.

கால் சுற்று திருப்பினான். உள்ளே பெரிய யானை ஒன்று பெருமூச்சு விட்டது. அரைச் சுற்று. சக்கரம் அசைந்தது. கயிறுகள் ஒவ்வொன்றாக விறைத்து, மேலே ஐந்து மாடிக்கும் ஓட ஆரம்பித்தன. முதலில் ஒவ்வொரு கயிற்றையும் எண்ண முடிந்தது. அப்புறம் எல்லாம் ஒரே வெள்ளை அருவி. தரை அதிர்ந்து என் பீப்பாயும் நடக்கத் தொடங்கியது. வாத்தியக்காரர்கள் ஊதினார்கள். பெண்கள் மரச்செருப்பால் கல்லில் தாளம் போட்டார்கள். நானும் பீப்பாய் மேல் ஆடினேன். ஒரு தடவை விழுந்தேன். உடனே தூக்கி மறுபடி நிறுத்திவிட்டார்கள், ஆட்டம் நிற்கக் கூடாது என்று.

ஆனால் ஜன்னல் வழியாக ஆஷ்வர்த்தைப் பார்த்ததும் கால் நின்றுவிட்டது. அவர் எடித் பக்கத்துப் பேரிங்கு மூடியின் மேல் உள்ளங்கையை வைத்தபடி நிற்கிறார். எடுக்கவில்லை. எல்லோரும் கை தட்டுகிறார்கள், அவர் மட்டும் அசையவில்லை. போன தடவையும் இவ்வளவு நேரம் ஓடின பிறகுதானே புகை வந்தது! நான் மூக்கை ஜன்னல் கண்ணாடியில் வைத்து நாற்றம் வருகிறதா என்று பார்த்தேன். ஒயின் நாற்றம் மட்டும்தான்.

அவர் கையை எடுத்தார். முதலாளியைப் பார்த்துத் தலையை ஆட்டினார். முதலாளி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். ஊரில் கிரயம் முடிந்தால் அவர் அப்படித்தான் போடுவார்.

அப்புறம் துரை வெளியே வந்தார். கூட்டத்தை விலக்கி நேராக என் பீப்பாய்க்கு வந்தார். என்னைக் கீழே இறக்கி, கையைப் பிடித்து, வாசல் தாண்டி உள்ளே இழுத்துக்கொண்டு போனார். தொப்பிக்காரர்கள் வழி விட்டார்கள். என் வலது கையை விரித்து, கட்டைவிரலில் எதுவும் இருக்கிறதா என்று திருப்பிப் பார்த்தார், ஜோ விழுந்து விழுந்து சிரித்தான். பிறகு என் கையை அந்த மூடியின் மேல் வைத்தார்.

காய்ச்சல் விட்ட குழந்தையின் நெற்றி மாதிரி இருந்தது. உள்ளே அத்தனை பெரிய தண்டு சுற்றுகிறது, வெளியே ஒரு சிலிர்ப்பு, அவ்வளவுதான். கையை எடுக்க மனம் வரவில்லை.

அர்த்தநாரி வால்வை விடாமல் திரும்பிப் பார்த்தான். "சூடு இருக்குதுங்களா மாமா?"

"இல்லடா மாப்ளே" என்றேன். இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது, இஞ்சின் சத்தத்தில் முதல் தடவை என் குரல் எனக்கே கேட்கவில்லை. "ஜில்லுன்னு கெடக்குது."

நான் கை வைத்த பிறகுதான் காய்ச்சல் விட்டது என்று ஊரில் சொல்லிக்கொள்வேன். அர்த்தநாரி மறுக்கமாட்டான்.